படுத்த எழுத்து

பயணிகள் பட்டியலில் ஒன்பதாவது பெயரைப் பார்த்ததும் வெர்லின் டிட்மோர் கையிலிருந்த டாக்கோவைக் கீழே வைத்துவிட்டார். முட்டையும் உருளைக்கிழங்கும் பிதுங்கிக் காகிதத்தில் வழிந்தன. ஆர். ஸபாலக், ஒருவர், நெப்ராஸ்கா. அலுவலகத்துப் பெண் அனுப்பும் பட்டியலில் இதற்கு மேல் எதுவும் இருக்காது. இருக்கத் தேவையும் இல்லை. அவருடைய மகள் ரேலீன் கல்யாணம் செய்துகொண்டது ஸபாலக் குடும்பத்துப் பையனை என்று எட்டு வருஷத்துக்கு முன்னால் மைத்துனி ஓர் அஞ்சலட்டையில் எழுதியிருந்தாள். அழைப்பு இல்லை, தகவல் மட்டும். அந்த அட்டை இன்றும் அவர் வீட்டுக் குளிர்பதனப் பெட்டியின் கதவில் காந்தத்துக்கு அடியில் இருக்கிறது.

ரேலீன் அவரோடு பேசிப் பத்தொன்பது வருஷம் ஆகிறது.

தெரியாமல் வந்து மாட்டிக்கொண்டாள் என்று நினைக்க வழியில்லை. ‘வெர்லினோடு அரைநாள்’ என்றுதான் அந்தச் சுற்றுலாவுக்கே பெயர். இணையத்தில் படம்கூட இருக்கிறது: வெள்ளைத் தொப்பி, நரைத்த மீசை, பின்னால் கொம்பு நீண்ட ஒரு மாடு. ஃபோர்ட் வொர்த் நகரத்தைச் சுற்றிக்காட்ட இருபது பேர் இருக்கிறார்கள். அத்தனை பேரையும் விட்டு இவரிடம் பெயர் கொடுத்திருக்கிறாள் என்றால் தெரிந்துதான் வருகிறாள். எதற்கு என்பதுதான் தெரியவில்லை. காலை எட்டரைக்குக் கிளம்பினால் பன்னிரண்டரைக்கு முடிந்துவிடும். இத்தனை வருஷமாகச் சொல்ல நினைத்ததைச் சொல்ல நாலு மணி நேரம், கூடவே இன்னும் பத்துப் பேர்.

இஸ்திரி போட்ட சட்டையைக் கழற்றி வேறொன்று போட்டார். அதையும் கழற்றிவிட்டு முதல் சட்டையையே மறுபடி மாட்டிக்கொண்டு வேனை எடுத்தார்.

ஹோட்டல் வாசலில் அவள் தனியாக நின்றிருந்தாள். ஒரு காலில் பாரத்தைப் போட்டு, கட்டைவிரலைப் பின்பாக்கெட்டில் செருகிக்கொண்டு. அவர் மனைவி நெல்டா வேலி ஓரமாக அப்படித்தான் நிற்பாள். பதினேழு வயதில் போனவளுக்கு இப்போது முப்பத்தாறு. முகம் அகன்றிருந்தது, முடியைக் குட்டையாக வெட்டியிருந்தாள். வெர்லின் தொப்பியைக் கழற்றினார். பெண்களுக்கு முன்னால் கழற்றுவது அவருக்குப் பழக்கம், ஆனால் கழற்றிய தொப்பியை மறுபடி போட மறந்து கையிலேயே பிடித்துக்கொண்டு நின்றார்.

“குட் மார்னிங் சார். ஸபாலக், ஒருத்தர்” என்றாள்.

சார் என்கிறாள். அப்படியென்றால் எல்லோருக்கும் முன்னால் தெரிந்தவர்களாகக் காட்டிக்கொள்ள வேண்டாம் என்கிறாள். அவருக்கு அவ்வளவு புரிந்தது.

“வாங்கம்மா. மூணாவது வரிசையில ஜன்னல் சீட்டு காலியா இருக்கு” என்றார், எல்லாப் பெண்களிடமும் சொல்கிற அதே குரலில். சொல்லி முடித்த பிறகுதான் பெற்ற மகளை ‘வாங்கம்மா’ என்றது உறைத்தது.

எல்லோருக்கும் காதுக்கருவி கொடுத்தார். கூட்டத்தில் கத்த வேண்டியதில்லை. அவர் காலரில் குத்தியிருக்கும் சின்ன மைக்கில் முணுமுணுத்தால் நூறு அடி தள்ளி நிற்பவர் காதிலும் விழும். இடுப்புப் பெட்டியில் பச்சை விளக்கு எரிந்தால் மைக் உயிரோடு இருக்கிறது என்று அர்த்தம். போன வருஷம் அதை அணைக்காமல் கழிப்பறைக்குள் போய்விட்டதை அவர் ஒவ்வொரு சுற்றிலும் சொல்லுவார். “அன்னிக்கு வந்த பதினாலு பேரும் என்னப் பத்தி எல்லாம் தெரிஞ்சுகிட்டாங்க. அதுல ஒருத்தர் மட்டும்தான் கைதட்டினாரு.” வேனில் சிரிப்பு எழும்பியது. ஒகையோவிலிருந்து வந்த மார்லிஸ், ஜோனி என்ற இரண்டு அக்கா தங்கைகள் ஒருவர் தோளில் ஒருவர் அடித்துக்கொண்டு சிரித்தார்கள். மூன்றாவது வரிசை ஜன்னல் பக்கம் சிரிப்பு இல்லை.

குரல்தான் வெர்லினின் சொத்து. முன்பு இருபத்திரண்டு வருஷம், துள்ளும் காளைமேல் சவாரி செய்யும் ரோடியோ போட்டிகளில் அறிவிப்பாளராக இருந்தார். காளை துள்ளும் எட்டு விநாடிக்கும் அடுத்த காளை வெளியே வருவதற்கும் நடுவே கூட்டத்தைக் கலையாமல் பிடித்துவைப்பது அறிவிப்பாளர் வேலை. அதற்கு வேடிக்கைக் கதை வேண்டும். வீட்டில் நடப்பதை மேடையில் சொன்னால்தான் எடுபடும் என்று அவருக்குச் சீக்கிரமே பிடிபட்டது.

அப்படிப் பிறந்ததுதான் ஒரு சிரிப்புத் துணுக்கு. மாட்டுக்குப் போடும் சூட்டுக்குறியை வாசிக்க அங்கே ஒரு முறை இருக்கிறது. எழுத்துக்குக் கீழே வளைகோடு இருந்தால் அது ‘ஆடும்’ எழுத்து. இறக்கை முளைத்திருந்தால் ‘பறக்கும்’ எழுத்து. பக்கவாட்டில் படுத்திருந்தால் ‘சோம்பேறி’. டி என்ற எழுத்து படுத்திருந்தால் ‘சோம்பேறி டி’ என்றுதான் வாசிக்க வேண்டும். வெர்லின் மைக்கைப் பிடித்துக்கொண்டு சொல்லுவார்: “என் பொண்டாட்டி எங்கன்னு கேக்குறீங்க. வீட்ல படுத்திருக்கா. அவ பேரு நெல்டா, இங்கிலீஷ்ல ‘என்’ங்கற எழுத்து. படுத்திருந்தா என்ன பேரு? சொல்லுங்க.” கூட்டம் மொத்தமும் ஒரே குரலில் “சோம்பேறி என்” என்று கத்தும்.

சொல்ல ஆரம்பித்த காலத்தில் நெல்டாவுக்கு வெறும் அசதிதான். அவளே கூட்டத்தில் உட்கார்ந்து விழுந்து விழுந்து சிரித்தாள். பிறகு கை கால் தசைகள் ஒவ்வொன்றாகச் சொன்னபடி கேளாமல் போயின; வியாதிக்குப் பெயர் வைத்தார்கள்; கடைசி இரண்டு வருஷம் படுக்கையிலேயே கிடந்தாள். வெர்லின் ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தார். மருந்துக்கு வேண்டுமே என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டார். அது பொய்யில்லை, முழு உண்மையும் இல்லை. பள்ளிக்கூடம் விட்டு வந்து அம்மாவைப் புரட்டிப் போட்டுத் துடைத்தது ரேலீன்.

நெல்டாவை அடக்கம் செய்து மூன்று வாரம் கழித்து மேற்கே ஒரு சின்ன ஊரில் ரோடியோ. ரேலீனை வீட்டில் தனியாக விட வேண்டாம் என்று கூட்டிப்போயிருந்தார். அறிவிப்பாளர் மேடையில் அவருடைய காகிதங்களைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்றாள். ஒரு காளை கதவில் சிக்கிக்கொண்டது. கூட்டம் சலசலத்தது. இவர் வாயைத் திறந்தார். “என் பொண்டாட்டி எங்கன்னு கேக்குறீங்க. வீட்ல படுத்திருக்கா.” எண்ணூறு பேர் “சோம்பேறி என்” என்று கத்தினார்கள். ரேலீன் காகிதங்களை மேசைமேல் வைத்துவிட்டுப் படியிறங்கிப் போனாள். அந்த வாரமே நெப்ராஸ்காவில் சித்தி வீட்டுக்குப் போய்விட்டாள். வாய் தவறிவிட்டது, தெரியாமல் வந்துவிட்டது என்று மட்டும் இவர் சொன்னார். ஏழு கடிதம் எழுதினார். பதில் இல்லை.

அன்றோடு ரோடியோவை விட்டார். சுற்றுலா வேலைக்கு வந்தபோது தனக்கு ஒரு கட்டளை போட்டுக்கொண்டார்: நெல்டா என்ற பெயரை இனி எந்த மைக்கிலும் சொல்வதில்லை. பதினாறு வருஷம், நாளுக்கு இரண்டு சுற்று, ஒரு தடவைகூடத் தவறவில்லை. அவர் செலுத்தி வந்த தண்டம் அது. ஒருவருக்கும் தெரியாது.

ரேலீன் வந்த அந்தக் காலையில் முதலில் நீதிமன்றக் கட்டடத்தின் முன்னால் இறங்கினார்கள். பிறகு மாடுகளை வடக்கே ஓட்டிப்போன காலத்தைச் சுவரில் பெரிதாக வரைந்திருக்கும் இடம். வெர்லின் வழக்கமான கதைகளைச் சொன்னார். தண்ணீர் இல்லாமல் செத்த மாடுகள், சூதாட்டக் கடையில் சுடப்பட்ட ஷெரிப், அந்த ஷெரிப்பின் குதிரை. அவர் வாய் ஓடிக்கொண்டிருந்தது, கண் ரேலீன் மேலேயே இருந்தது. இரண்டு தடவை அவள் பக்கமாக நடந்தார். முதல் தடவை நார்வேக்காரர் ஒருவர் குறுக்கே வந்து அந்த மாடுகளின் எடை என்ன என்று கேட்டார். ஆட்வார் என்று பெயர், கப்பல்களைச் சோதித்துப் பார்க்கும் வேலையிலிருந்து ஓய்வுபெற்றவர், எல்லாவற்றையும் சின்ன நோட்டில் குறித்துக்கொண்டார். இரண்டாவது தடவை காப்பிக்கடையில். ஒகையோ சகோதரிகள் ரேலீனை நடுவே உட்காரவைத்துக்கொண்டிருந்தார்கள்.

“நீங்க இந்த ஊருக்கு முதல் தடவையா வர்றீங்களா கண்ணு?” என்று மார்லிஸ் கேட்டாள்.

“இல்ல. எங்கம்மா இங்கதான் இருக்காங்க.”

“அப்படியா. போய்ப் பாத்தீங்களா?”

“இது முடிஞ்சதும் போகலாம்னு இருக்கேன்” என்றாள் ரேலீன். கோப்பையைச் சுற்றிக்கொண்டே, தலையைத் தூக்காமல், “யாராச்சும் கூட வந்தா நல்லா இருக்கும்” என்றாள்.

கல்லாவுக்குப் பக்கத்தில் நின்ற வெர்லினுக்கு அது கேட்டது. அது தன் காதில் விழ வேண்டும் என்றுதான் சொல்லப்பட்டது என்பதும் தெரிந்தது. போய்ப் பக்கத்தில் உட்கார்ந்து, நான் வருகிறேன் என்று இரண்டு சொல் சொன்னால் போதும். ஆனால் சகோதரிகள் இருந்தார்கள். ஆட்வார் இருந்தார். இப்படியா, நடுக்கடையிலா, என்று தயங்கினார். மாட்டுச் சந்தைப் பக்கம் போனதும் தனியாகப் பேசலாம் என்று நினைத்து, கடிகாரத்தைப் பார்த்து எல்லோரையும் வேனில் ஏற்றினார். அதற்குப் பிறகு அவர் நன்றாகவே பேசினார். குரல் ஏறியிருந்தது. ஷெரிப்பின் குதிரைக் கதையை இன்னொரு தடவை, புதிதாகக் கொஞ்சம் சேர்த்துச் சொன்னார். நம்பிக்கை வந்துவிட்டால் அவருக்கு வாய் நிற்காது.

பழைய மாட்டுத் தொழுவங்களின் ஓரத்தில் ஒரு பலகைச் சுவர் இருக்கிறது. அந்தப் பக்கத்துக் குடும்பங்களின் சூட்டுக்குறிகளை அதில் சுட்டு வைத்திருக்கிறார்கள். அங்கேதான் வெர்லின் வாசிக்கும் முறையைச் சொல்லிக் கொடுப்பார். உதாரணத்துக்கு எப்போதும் டி. பிறகு ஆளுக்கு ஒரு துண்டுக் காகிதமும் கரித்துண்டும் கொடுத்து, அவரவர் குறியை வரையச் சொல்லி, ஒவ்வொன்றாகத் தூக்கிக் காட்டி வாசிப்பார். ஆட்வார் ஓ போட்டுக் கீழே வளைகோடு வரைந்திருந்தார். “ஆடும் ஓ. கப்பல்காரர் ஆச்சே, தரையில நின்னாலும் ஆடிகிட்டுத்தான் இருப்பாரு.” மார்லிஸ் எம் எழுத்துக்கு இறக்கை வைத்திருந்தாள். “பறக்கும் எம். வீட்டுக்காரர் ஜாக்கிரதையாக் கட்டி வச்சுக்கணும்.”

ரேலீன் கடைசியாகக் கொடுத்தாள். காகிதத்தை மடிக்காமல், இரண்டு கையாலும் பிடித்து நீட்டினாள். அவர் சந்தோஷமாக வாங்கித் தூக்கிக் காட்டினார். காகிதத்தில் மேலே ஒரு கோடு, கீழே ஒரு கோடு, நடுவே சாய்வாக ஒன்று.

“இசட்” என்றார் வெர்லின், ஸபாலக் என்ற பெயரின் முதல் ஆங்கில எழுத்தை நினைத்து. “ஸபாலக் வீட்டு இசட். நல்லா நிமிர்ந்து நிக்குது பாருங்க. புகுந்த வீட்டுக்குப் பெருமை சேக்கற குறி.”

எல்லோரும் கைதட்டினார்கள். அவளுடைய புதுப் பெயரைத் தான் மதிக்கிறோம், கல்யாணத்துக்குக் கூப்பிடாததை மனதில் வைத்துக்கொள்ளவில்லை என்பதை இதைவிட நயமாகச் சொல்லியிருக்க முடியாது என்று அவருக்குத் தோன்றியது. ரேலீன் காகிதத்தைத் திரும்ப வாங்கிக் கொஞ்ச நேரம் பார்த்தாள். இரண்டாக மடித்தாள், நாலாக மடித்தாள்.

“சரிங்க சார்” என்றாள்.

பதினொன்றரைக்கு மாடுகள் தெருவில் நடக்கும். பழைய காலத்து உடுப்பில் ஏழெட்டுக் குதிரைக்காரர்கள் பதினைந்து பதினாறு நீள்கொம்பு மாடுகளைச் செங்கல் பாவிய தெருவில் மெதுவாக ஓட்டிப்போவார்கள். தினமும் நடப்பதுதான். வெர்லின் தன் ஆட்களை நடைபாதை ஓரமாக நிறுத்தினார். ரேலீன் மட்டும் தெருவைக் கடந்து எதிர்ப்பக்க நிழலுக்குப் போய்விட்டாள். இதுதான் சமயம், மாடுகள் வருவதற்குள் கடந்துவிடலாம் என்று அவர் காலை எடுத்து வைத்தபோது ஆட்வார் முழங்கையைத் தொட்டார்.

“ஐயா, ஒரு சந்தேகம். எழுத்து படுத்திருந்தா சோம்பேறின்னு சொன்னீங்க. அந்தம்மா போட்டது இசட்தான்னு எப்படிக் கண்டுபிடிச்சீங்க? நான் நோட்டுல வரஞ்சு பாத்தேன். ‘என்’ங்கற எழுத்தப் படுக்க வச்சாலும் இசட் மாதிரியேதானே இருக்கு?”

அதற்கு வெர்லினிடம் தயாராக ஒரு பதில் உண்டு. மாட்டுக்குச் சொந்தக்காரன் என்ன சொல்கிறானோ அதுதான் எழுத்து, அவனைத்தான் கேட்க வேண்டும், அடிக்க வராமல் இருந்தால். பாதி வரைக்கும் சொன்னார். பிறகு வாய் அப்படியே நின்றுவிட்டது.

முதல் மாடு தெருமுனையில் திரும்பியது. குதிரைக்காரன் ஒருவன் கையைக் காட்டி எல்லோரையும் பின்னால் தள்ளினான். இனி அவை கடந்து முடியும்வரை யாரும் தெருவில் இறங்க முடியாது.

கொம்புகள் ஒவ்வொன்றாக அவர் முகத்துக்கு முன்னால் போயின. சாணி வாடை, குளம்புச் சத்தம், யாரோ ஒரு குழந்தையின் அழுகை. கொம்புகளுக்கு நடுவே எதிர்ப்பக்கத்தில் ரேலீன் தெரிந்தாள், மறைந்தாள், தெரிந்தாள். சோம்பேறி என். அந்த எழுத்தைப் பார்க்கவே கூடாது என்று பதினாறு வருஷம் கண்ணைப் பழக்கியிருந்தார். கண் சொன்னபடி கேட்டுவிட்டது.

இன்னொன்றும் அப்போதுதான் நினைவுக்கு வந்தது, அல்லது அதுவரை வரவிடாமல் வைத்திருந்தார். படுக்கையில் கிடந்த காலத்தில் தொலைபேசி மணி அடித்தால் ரேலீன்தான் அதை எடுத்து அம்மாவின் காதில் வைப்பாள். “சோம்பேறி என் பேசறேன்” என்பாள் நெல்டா. பாதிரியார் கூப்பிட்டாலும் அதுதான், மருந்துக்கடைக்காரர் கூப்பிட்டாலும் அதுதான். ஏதாவது ஓர் ஊரிலிருந்து வெர்லின் கூப்பிடும்போது அதைச் சொல்லிவிட்டு மூச்சு வாங்கச் சிரிப்பாள். மேடையில் அவர் விற்ற பெயரை அவள் எடுத்துத் தன்னுடையதாக்கி வைத்துக்கொண்டிருந்தாள். மகள் காகிதத்தில் கொண்டுவந்தது அம்மாவை. இரண்டு கையாலும் பிடித்து நீட்டினாளே. புகுந்த வீட்டுக்குப் பெருமை என்று சொல்லித் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

கடைசி மாடு சோம்பலாக நின்று தெருவை நனைத்துவிட்டு நகர்ந்தது. வெர்லின் ஈரத்தையும் சாணியையும் பார்க்காமல் மிதித்துக்கொண்டு கடந்தார்.

“அது இசட் இல்ல, ரேலீன்.”

அவள் நிமிர்ந்து பார்த்தாள். காலையிலிருந்து அவர் அவள் பெயரைச் சொன்னது அதுதான் முதல் தடவை.

“இல்ல” என்றாள்.

“நான் பாக்கலம்மா.”

“பாக்கலையா, பாக்காத மாதிரி இருந்தீங்களா டாடி? மூணு மணி நேரமாக் கேட்டுகிட்டு வரேன். செத்துப்போன ஷெரிப் பேரு வருது, அவன் குதிரை பேரு ரெண்டு தடவ வருது. அம்மா பேரு ஒரு தடவ வரல. நீங்க மாறிட்டீங்கன்னு சித்தி சொன்னா. சரி, அம்மாவ எப்படி வச்சிருக்கீங்கன்னு பாத்துட்டு வருவோம்னுதான் வந்தேன். நல்லாத் துடைச்சு வச்சிருக்கீங்க.”

“துடைக்கல. கன்னுக்குட்டி, நான் சொல்றதக் கேளு.” சின்ன வயதில் அவளை அப்படித்தான் கூப்பிடுவார். “நெல்டா பேர இனிமே கூட்டத்துல சொல்றதில்லன்னு எனக்கு நானே போட்டுகிட்டது. பதினாறு வருஷமாச் சொல்லல. அது தண்டனைன்னு நெனச்சேன். உனக்கு அது இப்படித் தெரியும்னு தோணவே இல்ல.”

அவள் நகரவில்லை. அவருக்குத் துணிச்சல் வந்தது. இத்தனை வருஷம் யாரிடமும் சொல்லாததைச் சொன்னார். ஏழு கடிதத்திலும் எழுதாதது அது.

“அன்னிக்கு மேடையில வாய் தவறிச்சுன்னு உன்கிட்ட சொன்னேன். அது பொய். தெரிஞ்சேதான் சொன்னேன். என் பொண்டாட்டி எங்கன்னு நானே கேட்டேன், வீட்ல படுத்திருக்கான்னு நானே சொன்னேன். சொன்ன உடனே அவ வீட்லதான் இருந்தா, ரேலீன். எண்ணூறு பேரும் அவ பேரச் சொல்லிக் கூப்பிட்டாங்க. அந்த ஒரு நிமிஷம் அவ சாகல. எனக்கு அது வேண்டியிருந்துச்சு. நீ பக்கத்துல நிக்கறேன்னு மறந்துட்டேன். அதுக்குத்தான் என்ன மன்னிக்கணும். அவளச் சொன்னதுக்கு இல்ல, உன்ன மறந்ததுக்கு.”

ரேலீனின் கண் நிறைந்தது. கை மெதுவாக அவர் சட்டைக் கையை நோக்கி வந்தது. அவர் அதைப் பார்த்தார். சாகும்வரை அதை அவர் பார்த்துக்கொண்டுதான் இருக்கப் போகிறார். வந்த கை பாதியில் நின்றது.

அவளுடைய காதுக்கருவி கழுத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. அதிலிருந்து கொசு ரீங்காரம் போல ஒரு குரல், அரை நொடி பின்தங்கி, “உன்ன மறந்ததுக்கு” என்றது.

அவள் அதைக் கையில் எடுத்துப் பார்த்தாள். பிறகு அவர் தோளைத் தாண்டி எதிர்ப்பக்கத்தைப் பார்த்தாள். அவரும் திரும்பினார். நடைபாதையில் அவருடைய ஆட்கள் வரிசையாக நின்றார்கள். எல்லோர் கையும் காதில் இருந்தது. மார்லிஸ் தேம்பிக்கொண்டிருந்தாள், ஜோனி அவளுக்குக் கைக்குட்டை கொடுத்துக்கொண்டிருந்தாள். ஆட்வார் மட்டும் கருவியைக் காதிலிருந்து எடுத்து முஷ்டிக்குள் மூடி, தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

“மைக் ஆன்ல இருக்கு டாடி” என்றாள் ரேலீன்.

அவர் விரல்கள் இடுப்புப் பெட்டியைத் தடவின. பச்சை விளக்கு எரிந்துகொண்டிருந்தது. “தெரியாதும்மா. சத்தியமாத் தெரியாது.”

அந்த வார்த்தையும் எதிர்ப்பக்கத்தில் ஒன்பது பேர் காதில் விழுந்தது.

“அன்னிக்கும் தெரியாதுன்னுதான் சொன்னீங்க” என்றாள். குரலில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் அவர் பின்னாலேயே ஓடியிருப்பார். அவள் காதுக்கருவியைக் கழுத்திலிருந்து கழற்றி, ஒயரைச் சுருட்டி, அவர் உள்ளங்கையில் வைத்தாள். நாலாக மடித்த காகிதத்தை அதன்மேல் வைத்தாள். தெருமுனையில் டாக்சிகள் நிற்கும் இடம் எங்கே என்று அவளுக்குத் தெரிந்திருந்தது.

இன்னும் நாற்பது நிமிஷம் பாக்கி இருந்தது. வெர்லின் அதை முடித்துக் கொடுத்தார். சந்தைக் கட்டடம் எந்த வருஷம் எழும்பியது என்று சொன்னார். ஒகையோ சகோதரிகள் கேட்டபடி தொப்பியைச் சாய்த்துப் படத்துக்கு நின்றார். ஹோட்டல் வாசலில் ஒவ்வொருவரும் கை குலுக்கினார்கள். மார்லிஸ் கட்டிப்பிடித்தாள். அவள் கன்னம் இன்னும் ஈரமாக இருந்தது.

“எத்தனையோ சுற்றுலா போயிருக்கேன். இப்படி மனசப் புழியற மாதிரி ஒண்ணும் பாத்ததில்ல. அந்தப் பொண்ணு எங்ககூட சாதாரண ஆளு மாதிரியே உக்காந்து காப்பி குடிச்சுதே. தினமும் ரெண்டு பேரும் இதச் செய்வீங்களா?”

“இல்லம்மா” என்றார் வெர்லின். “இன்னிக்கு மட்டும்தான்.”

ஆட்வார் கடைசியாக வந்தார். நோட்டில் அந்த எழுத்தை வரைந்து பார்த்த பக்கத்தை மட்டும் கிழித்து வெர்லினிடம் கொடுத்துவிட்டுப் போனார்.

அடுத்த சுற்று ஒன்றரைக்கு. வெர்லின் வேனை வடக்கே ஓட்டினார். நெல்டாவை வைத்திருக்கும் கல்லறைத் தோட்டம் கால் மணி நேரத் தூரம். அவர் ஞாயிறு தவறாமல் போகிற இடம்தான். சாலையோரத்தில், கதவுக்குக் கொஞ்சம் முன்னாலேயே நிறுத்திக்கொண்டார். உள்ளே ஒரு டாக்சி நின்றிருந்தது. ஓட்டுநர் இருக்கையைச் சாய்த்துத் தூங்கிக்கொண்டிருந்தான்.

ரேலீன் கல்லுக்கு முன்னால் தரையில் உட்கார்ந்திருந்தாள். முதுகுதான் தெரிந்தது. அந்தக் கல்லைச் செதுக்கியபோது பெயருக்கு மேலே ஓர் எழுத்து வேண்டும் என்று வெர்லின் கேட்டிருந்தார். குறி எப்படி இருக்க வேண்டும், படுத்த மாதிரியா என்று செதுக்குகிறவர் கேட்டார். அவரும் அந்தப் பக்கத்து ஆள், ரோடியோவில் அந்தத் துணுக்குக்குச் சிரித்தவர். நிக்கட்டும், இனிமே அவ நிக்கட்டும் என்றார் வெர்லின். அதை மகளிடம் சொல்ல வேண்டும் என்றுதான் ஏழாவது கடிதம். ஒரு பக்கம் எழுதி, அதை அடித்துவிட்டு, மழையைப் பற்றி எழுதி அனுப்பினார்.

இப்போது அவள் அந்த எழுத்தைப் பார்க்கிறாளா, தலையைக் குனிந்திருக்கிறாளா என்று இங்கிருந்து தெரியவில்லை. இறங்கி நடந்தால் ஐம்பது தப்படி. காலரிலிருந்து மைக்கைக் கழற்றினார். பெட்டியைக் கழற்றினார். விளக்கு அணைந்திருக்கிறதா என்று இரண்டு தடவை பார்த்து, பக்கத்து இருக்கையில் ஆட்வாரின் காகிதத்துக்கும் அவளுடைய காகிதத்துக்கும் பக்கத்தில் வைத்தார். கதவுக் கைப்பிடியில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சொல்ல வேண்டியதை ஏற்கெனவே சொல்லியாகிவிட்டது. அதையே மறுபடி சொன்னால் மேடைத் துணுக்கை மறுபடி சொல்வது போலத்தான் இருக்கும். மைக்கைக் கழற்றிவிட்டேன் பார் என்று கையை விரித்துக் காட்டிக்கொண்டா போய் நிற்பது?

ஒன்றே காலுக்குக் கைபேசி அடித்தது. அலுவலகத்துப் பெண். ஹோட்டலில் ஆட்கள் இறங்கி வந்துவிட்டார்கள், காத்திருக்கிறார்கள் என்றாள். காலையில் வந்தவர்களில் ஒருத்தர் இதற்குள் இணையத்தில் ஐந்து நட்சத்திரம் போட்டிருக்கிறார் என்றும் சொன்னாள்.

ரேலீன் அதே இடத்தில் உட்கார்ந்திருந்தாள். வெர்லின் வண்டியைச் சத்தமில்லாமல் பின்னுக்கு எடுத்துத் திருப்பினார். கண்ணாடியில் அவள் முதுகு தெரிகிறவரை பார்த்துக்கொண்டே ஓட்டினார்.